கோ கெங் சுவீ: சிங்கப்பூரின் பொருளியலாளர் அமைச்சர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சிங்கப்பூர் எப்படி முன்னுக்கு வந்தது என்று பேச்சு எடுத்தால், பெரும்பாலும் முதல் பிரதமர் லீ குவான் இயூவில் தொடங்கி லீ குவான் இயூவிலேயே முடிந்துவிடுகிறது. நடுவில் கோ கெங் சுவீ என்று ஒரு பெயரைச் சொன்னால் போதும், ஒரே மாதிரியான சந்தேகங்கள் வரிசையாக வரும். நண்பர்களும் மாணவர்களும் கேட்டவற்றை அவர்கள் கேட்ட வார்த்தையிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன்.

யாருங்க இந்தக் கோ கெங் சுவீ? சுருக்கமா சொல்லுங்க.

1918 அக்டோபர் 6 அன்று மலாக்காவில், ஒரு பெரனாக்கான் (மலாய்ப் பழக்கங்கள் கலந்த) சீனக் குடும்பத்தில் பிறந்தவர். சின்ன வயதிலேயே குடும்பம் சிங்கப்பூருக்கு வந்துவிட்டது. அப்பா ரப்பர் தோட்டத்தில் வேலை பார்த்தார். மகன் பொருளியல் படித்து, அரசு ஊழியராகி, 1959-இல் சிங்கப்பூருக்குத் தன்னாட்சி கிடைத்தபோது முதல் நிதியமைச்சர் ஆனார். பிறகு தற்காப்பு, மறுபடி நிதி, மறுபடி தற்காப்பு, கடைசியில் கல்வி. 1973-இல் துணைப் பிரதமர். 1984 கடைசியில் அரசியலிலிருந்து விலகினார். 2010 மே 14 அன்று 91 வயதில் காலமானார்.

இந்தத் துறைகளின் வரிசையைக் கொஞ்சம் கவனியுங்கள். கையில் பணம் இல்லாதபோது நிதி, படை இல்லாதபோது தற்காப்பு, பள்ளிகளில் பிள்ளைகள் பாதியில் நின்றுகொண்டிருந்தபோது கல்வி. எங்கே முட்டிக்கொண்டு நின்றதோ அங்கே அவரை அனுப்பியிருக்கிறார்கள்.

பிரதமராக இருந்த கோ இவர்தானே?

இல்லை. 1990 முதல் 2004 வரை பிரதமராக இருந்தவர் கோ சோக் டோங். அவரும் பொருளியல் படித்தவர், அதனால் குழப்பம் இன்னும் கூடிவிடுகிறது. 'கோ' என்பது குடும்பப் பெயர். சீனர்கள் அதை முன்னால் போடுவார்கள், பல்லாயிரம் பேருக்கு அதே பெயர் உண்டு. கோ கெங் சுவீ ஒருபோதும் பிரதமராக இருந்ததில்லை.

நிஜமாவே பொருளாதார நிபுணரா, இல்ல பேருக்கு ஒரு பட்டமா?

நிஜமாகவே. ராஃபிள்ஸ் கல்லூரியில் பொருளியலில் தனிச்சிறப்போடு 1939-இல் தேறினார். முதல் வேலை போர் வரித் துறையில். ஜப்பானியர் ஆக்கிரமிப்பு முடிந்ததும் சமூக நலத் துறையில் சேர்ந்தார். அங்கிருந்து உதவித்தொகை பெற்று லண்டன் பொருளியல் பள்ளிக்குப் போய், 1951-இல் முதல் வகுப்பில் தேறினார். புள்ளியியலில் மிக உயர்ந்த மதிப்பெண் வாங்கியவருக்குத் தரப்படும் வில்லியம் ஃபார் பரிசும் அவருக்குத்தான் கிடைத்தது. 1956-இல் அங்கேயே முனைவர் பட்டம். ஆய்வின் பொருள், பின்தங்கிய நாடுகளில் தேசிய வருமானத்தை எப்படிக் கணக்கிடுவது என்பது.

எனக்கு இதில் பட்டத்தைவிடப் பெரிதாகப் படுவது, நடுவில் அவர் நடத்திய ஒரு கணக்கெடுப்பு. 1953-54-இல் சமூக நலத் துறைக்காக, சிங்கப்பூர் நகரத்துக் குடும்பங்களின் வருமானம் என்ன, எத்தனை பேர் எவ்வளவு இடத்தில் அடைந்து கிடக்கிறார்கள் என்று வீடு வீடாக ஆள் அனுப்பி விசாரித்தார். கடைவீட்டு மாடிகளைப் பலகை வைத்துத் தடுத்து, ஒரு தடுப்புக்குள் ஒரு குடும்பம் வாழ்ந்த காலம் அது. அமைச்சராகி மேசைக்கு வந்த கோப்புகளில் இருந்த ஏழ்மை அவருக்குப் புதிதல்ல. அதை முன்பே எண்ணிப் பார்த்தவர்.

அரசாங்க வேலையில இருந்தவர் அரசியலுக்கு எப்படி வந்தார்?

லண்டனில் தொடங்கியது. 1949-இல் மலாயா மாணவர்கள் சேர்ந்து 'மலாயன் ஃபோரம்' என்ற அமைப்பை ஆரம்பித்தார்கள். அதன் முதல் தலைவர் கோ. பின்னாளில் மலேசியப் பிரதமரான துன் அப்துல் ரசாக்கும், மக்கள் செயல் கட்சியின் தலைவரான டோ சின் சாயும் அதே வட்டம். ரசாக்கின் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கீழே மறுபடி வருவார்.

ஊர் திரும்பியதும் 1952-இல் ஒரு சண்டை. ஒரே வேலை பார்த்தாலும் பிரிட்டிஷ் அதிகாரிகளுக்குக் கூடுதல் படி, உள்ளூர்க்காரர்களுக்கு இல்லை. இதை எதிர்த்து உள்ளூர் அரசு ஊழியர்களைத் திரட்டியவர்களில் கோ முக்கியமானவர். ஆக்ஸ்லி சாலையில் லீயின் வீட்டு அடித்தளத்தில் நடந்த கூட்டங்களுக்கும் போய்வந்தார். 1954-இல் லீயின் மக்கள் செயல் கட்சி தொடங்கப்பட்டபோது அரசு ஊழியர் என்பதால் முன்னால் வந்து நிற்க முடியவில்லை. 1958-இல் வேலையை விட்டார். 1959 மே தேர்தலில் சைனாடவுன் பகுதியான கிரேத்தா ஆயர் தொகுதியில் நின்று வென்றார். கட்சிக்கு 51-இல் 43 இடங்கள்.

நிதியமைச்சரானதும் முதல்ல என்ன செஞ்சார்?

சம்பளத்தைக் குறைத்தார்! கஜானாவைத் திறந்து பார்த்தால் அந்த ஆண்டு ஏறக்குறைய 1.4 கோடி டாலர் துண்டு விழும் நிலை. அரசு ஊழியர்களின் படிகளை வெட்டினார். ஆண்டு முடிவில் துண்டு விழவில்லை, கொஞ்சம் மிச்சமே இருந்தது.

மேலே சொன்ன 1952 சண்டையை நினைத்துப் பாருங்கள். எந்த ஊழியர்களின் படிக்காகப் போராடினாரோ, அதே ஊழியர்களின் படியில்தான் ஏழு ஆண்டு கழித்துக் கைவைத்தார். அவர்கள் கொதித்ததில் நியாயம் உண்டு. ஆனால் முதல் ஆண்டே கடன் வாங்கி நடத்தும் அரசாங்கமாக இருக்கக்கூடாது என்பதில் அவர் இறங்கி வரவில்லை. அந்தப் பிடிவாதம் கடைசி வரை அவரை விட்டுப் போகவில்லை. நாணயம் பற்றிய கேள்வியில் அது திரும்ப வரும்.

ஜூரோங்கை 'கோவின் முட்டாள்தனம்'னு சொன்னாங்களாமே, உண்மையா?

உண்மை. தோற்றுப்போனால் இந்தப் பெயர்தான் நிலைக்கும் என்று அவரே உணர்ந்து பேசியிருக்கிறார்.

பின்னணி இதுதான். சிங்கப்பூர் துறைமுகத்தையும் வியாபாரத்தையும் நம்பிப் பிழைத்த ஊர். பிள்ளைகள் பெருகிக்கொண்டே போனார்கள், வேலை பெருகவில்லை. பள்ளிக்கூடம் விட்டுப் பிள்ளைகள் கூட்டமாக வெளியே வருவதைப் பார்க்கும்போதெல்லாம், இத்தனை பேருக்கும் எங்கிருந்து வேலை கொடுப்பது என்று நெஞ்சு அடைத்துக்கொள்ளும் என்பது அவர் சொன்ன விஷயம். விடை தொழிற்சாலைதான் என்று முடிவெடுத்தார். ஐ.நா. அனுப்பிய குழுவுக்குத் தலைமை தாங்கி வந்த டச்சுப் பொருளியலாளர் ஆல்பர்ட் வின்செமியஸும் அதையே சொன்னார். 1961 ஆகஸ்ட்டில் பொருளியல் வளர்ச்சிக் கழகம் பிறந்தது, 10 கோடி டாலர் நிதியோடு. அதன் முதல் தலைவர் ஹோன் சூய் சென்.

தொழிற்பேட்டைக்குத் தேர்ந்தெடுத்த இடம் தீவின் மேற்குக் கோடியில் இருந்த ஜூரோங். சதுப்பு நிலம், இறால் குட்டைகள், மேடுகள். மேட்டைச் சரித்துப் பள்ளத்தை நிரப்பினார்கள். சாலை, மின்சாரம், தண்ணீர், ஆழமான துறைமுகம், ரயில் பாதை எல்லாவற்றையும் முதலில் போட்டார்கள். ஆலைகள் வரும் என்ற நம்பிக்கையில் செய்த செலவு இது. 1962-இல் தேசிய இரும்பு எஃகு ஆலைக்கு அடிக்கல் நாட்டினார்கள். ஆனாலும் சில ஆண்டுகள் பெரும்பாலான மனைகள் காலியாகவே கிடந்தன. அந்தக் காலத்தில்தான் 'முட்டாள்தனம்' என்ற பேச்சு.

அப்புறம் 1960-களின் இறுதியில் நிலைமை மாறியது. 1968-இல் ஜூரோங்கை நிர்வகிக்க ஜூரோங் நகரக் கழகம் (ஜேடிசி) தனி அமைப்பானது. டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் போன்ற அமெரிக்க மின்னணு நிறுவனங்கள் சிங்கப்பூரில் ஆலை திறந்தன. வெளிநாட்டு நிறுவனங்களை அழைப்பது அந்தக் காலத்தில் புதிதாக விடுதலை பெற்ற நாடுகள் செய்யத் தயங்கிய காரியம். சோஷலிஸ்ட் என்று தன்னைச் சொல்லிக்கொண்ட கட்சியின் நிதியமைச்சர் அதைச் செய்தார் என்பதைச் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

மலேசியா சிங்கப்பூரைத் துரத்திவிட்டதா, இல்ல இவர் பேசி வெளியே வந்தாரா?

இரண்டும் கலந்ததுதான் உண்மை. 1963-இல் மலேசியாவோடு இணைந்ததற்குப் பொருளாதாரக் காரணம் பொதுச் சந்தை. ஜூரோங்கில் செய்யும் பொருளை விற்க ஒரு பெரிய சந்தை வேண்டும் என்று கோவும் விரும்பினார். பொதுச் சந்தை பேச்சோடு நின்றது. 1964-இல் இனக் கலவரங்கள் வந்தன. கோலாலம்பூரோடு உரசல் முற்றியது.

1965 ஜூலையில் துன் ரசாக்கோடு பேசப் போனவர் கோ. ஆமாம், லண்டனில் பழகிய அதே ரசாக். லீ குவான் இயூ எதிர்பார்த்தது உறவைத் தளர்த்திக்கொள்ளும் ஏற்பாடு ஒன்றை. கோ அந்தப் பாதையை விட்டுவிட்டு, சுத்தமாகப் பிரிந்துவிடலாம் என்ற பக்கம் பேச்சைக் கொண்டுபோனார். இதை 1990-களில் ஒரு நேர்காணலில் அவரே வெளிப்படையாகச் சொன்ன பிறகுதான், 'துரத்தப்பட்டோம்' என்ற கதை பாதிதான் என்று பலருக்குத் தெரிந்தது. அந்தப் பேச்சுவார்த்தைக் காகிதங்களை அவர் வைத்திருந்த கோப்புக்கு 'ஆல்பட்ராஸ்' என்று பெயர். அது ஒரு கடற்பறவையின் பெயர். ஆங்கில வழக்கில் கழுத்தில் தொங்கும் சுமை என்ற பொருள் அதற்கு உண்டு.

எல்லோரும் மகிழ்ச்சியோடு கையெழுத்துப் போடவில்லை. டோ சின் சாயும், யாழ்ப்பாணத்தில் பிறந்து மலாயாவில் வளர்ந்த எஸ். ராஜரத்னமும் மனமே இல்லாமல்தான் ஒப்பமிட்டார்கள். 1965 ஆகஸ்ட் 9 அன்று சிங்கப்பூர் தனி நாடு.

பொருளாதாரம் படிச்சவரைப் போய் ராணுவத்துக்கு அமைச்சரா போட்டது ஏன்?

அன்றைய நிலையைப் பாருங்கள். புது நாட்டுக்கு இருந்தவை இரண்டே காலாட்படைப் பிரிவுகள். ராணுவ அனுபவம் என்று கோவுக்கு இருந்தது, போருக்கு முன் தொண்டர் படையில் இருந்தது மட்டும். ஆனால் ஒன்றுமில்லாத இடத்தில் ஒரு அமைப்பைக் கட்டுவது, அதற்கு ஆகும் செலவைக் கணக்குப் போடுவது இரண்டும் அவருக்குக் கைவந்த வேலை. உள்துறையையும் தற்காப்பையும் சேர்த்து அவரிடம் கொடுத்தார்கள். இஸ்ரேலிலிருந்து ராணுவ ஆலோசகர்களை வரவழைத்தார்கள். அக்கம்பக்கத்து நாடுகளுக்கு உறுத்தக்கூடாது என்று அவர்களை 'மெக்சிகோக்காரர்கள்' என்று அழைத்தார்கள்.

பெரிய சம்பளப் படை வைத்துக்கொள்ள நாட்டுக்குக் கட்டுப்படியாகாது. அதனால் கட்டாய தேசிய சேவை. சட்டம் 1967 மார்ச்சில் வந்தது, அந்த ஆகஸ்ட்டில் முதல் 900 இளைஞர்கள் முழுநேரச் சேவைக்குப் போனார்கள். அடுத்த ஆண்டே பிரிட்டன் தன் தளங்களைக் காலி செய்யப்போவதாக அறிவித்தது. அந்தத் தளங்களிலிருந்து வந்த வருமானம் நாட்டின் உற்பத்தியில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு. அப்போது கோ மறுபடி நிதியில் இருந்தார். செம்பவாங் கடற்படைத் தளத்தின் கப்பல் பட்டறையைப் பெயரளவுக்கு ஒரு டாலர் விலைக்கு வாங்கி, வணிகக் கப்பல்களைப் பழுதுபார்க்கும் நிறுவனமாக மாற்றினார்கள். சிங்கப்பூர் மேம்பாட்டு வங்கியும் நெப்டியூன் ஓரியன்ட் கப்பல் நிறுவனமும் அதே 1968-இல் தொடங்கியவை.

சொந்தப் பணம் அச்சடிச்சும், மத்திய வங்கி வேண்டாம்னு ஏன் சொன்னார்?

எனக்குப் பிடித்த கேள்வி. 1967 ஜூனில் சிங்கப்பூர் டாலர் வந்தபோது, விடுதலை பெற்ற பல நாடுகளைப் போல நோட்டு அச்சடிக்கும் அதிகாரத்தோடு ஒரு மத்திய வங்கியை அமைத்திருக்கலாம். கோ அதற்கு ஒப்பவில்லை. பழைய காலனி கால முறையான நாணய வாரியத்தையே வைத்துக்கொண்டார். வெளியே விடும் ஒவ்வொரு டாலருக்கும் ஈடாக வெளிநாட்டுச் சொத்து கையிருப்பில் இருக்க வேண்டும் என்பது அதன் விதி. அப்படியென்றால், அரசாங்கத்துக்குப் பணம் போதவில்லை என்று நோட்டு அடித்துச் சமாளிக்க வழியே கிடையாது.

நிதியமைச்சர் ஒருவர் தன் கையைத் தானே கட்டிக்கொள்வது லேசான காரியமல்ல. நோட்டு அடித்துச் செலவழித்த நாடுகளில் விலைவாசி என்ன ஆனது என்பதைப் படித்தவர், பார்த்தவர். பின்னால் வரப்போகும் அமைச்சர்களுக்கும் சேர்த்துப் பூட்டுப் போட்டார் என்றுதான் நான் எடுத்துக்கொள்கிறேன். 1971-இல் சிங்கப்பூர் நாணய ஆணையம் உருவாகி மத்திய வங்கியின் மற்ற வேலைகளைச் செய்தபோதும், நோட்டு வெளியிடும் வேலை தனி வாரியத்திடமே இருந்தது. 2002-இல்தான் இரண்டும் இணைந்தன. கையிருப்பு பெருகிய பிறகு அதை நீண்ட கால முதலீடாக்க 1981-இல் ஜிஐசி என்ற நிறுவனத்தைத் தொடங்கியதும் அவர் யோசனைதான்.

நிதியமைச்சருக்கும் பறவைப் பூங்காவுக்கும் என்ன சம்பந்தம்?

உலக வங்கிக் கூட்டத்துக்காக ரியோ டி ஜெனிரோ போனவர், அங்கே பறவைகள் பறந்து திரியும் பெரிய கூண்டு ஒன்றைப் பார்த்தார். ஆலைகள் மட்டும் நிறைந்த ஜூரோங்கில் குடும்பத்தோடு போய் உட்கார ஒரு இடம் வேண்டும் என்று தோன்றியது. விலங்குகளுக்கு இறைச்சி போடுவதைவிடப் பறவைகளுக்குத் தானியம் போடுவது மலிவு என்ற கணக்கும் கூடவே இருந்தது. ஜூரோங் பறவைப் பூங்கா 1971 ஜனவரியில் திறந்தது. 2023-இல் மண்டாய்க்கு இடம் மாறும் வரை அங்கேயே இருந்தது. சிங்கப்பூர் சிம்ஃபனி இசைக்குழு 1979-இல் உருவானதிலும் அவர் முனைப்பு உண்டு.

கல்வியில அவர் செஞ்சது நல்லதா, கெட்டதா?

ஒற்றைச் சொல்லில் பதில் கிடையாது. 1978-இல் கல்வி நிலையை ஆராய ஒரு குழுவோடு இறங்கினார். குழுவில் இருந்தவர்கள் பெரும்பாலும் அமைப்புப் பொறியாளர்கள், கல்வியாளர்கள் அல்ல. அவர்கள் கண்டது, பெரும்பாலான பிள்ளைகள் வீட்டில் பேசாத இரண்டு மொழிகளில் பள்ளியில் படிக்கிறார்கள், எல்லோரையும் ஒரே வேகத்தில் இழுப்பதால் பெருந்தொகையானோர் எந்த மொழியும் சரியாக எழுதப் படிக்கத் தெரியாமல் வெளியேறுகிறார்கள். 1979-இல் அறிக்கை வெளியானது. தீர்வு, தரம் பிரித்தல். தொடக்கநிலை மூன்றாம் ஆண்டிலேயே பிள்ளைகளைத் தேர்வு வைத்துப் பிரித்தார்கள். உயர்நிலையில் சிறப்பு, விரைவு, வழக்கம் என்று மூன்று பாதைகள்.

பாதியில் நிற்பவர் எண்ணிக்கை குறைந்தது. அது பெரிய பயன். ஆனால் ஒன்பது வயதுப் பிள்ளையின் நெற்றியில் ஒரு முத்திரை விழுந்தது, பெற்றோரும் ஆசிரியரும் அதை வைத்தே பிள்ளையைப் பார்த்தார்கள். வீணாகும் அளவைக் குறைக்கும் கணக்கு ஆலைக்குச் சரி. வளரும் பிள்ளை அடுத்த ஆண்டு வேறு ஆளாகிவிடும் என்பது அந்தக் கணக்கில் இடம் பெறவில்லை. அவருடைய பணிகளில் நான் உடன்பட முடியாத இடம் இதுதான். சிங்கப்பூரும் பிறகு படிப்படியாக இதைத் தளர்த்தி, 2024 முதல் உயர்நிலைப் பள்ளியில் அந்தப் பாதைகளை எடுத்துவிட்டு, பாடத்துக்குப் பாடம் நிலை மாறும் முறைக்கு வந்துவிட்டது.

அப்போ தமிழ்ப் பள்ளிகளை மூடினது இவர்தானா?

பலரும் அப்படி நினைக்கிறார்கள். தேதிகளைப் பார்த்தால் அப்படித் தோன்றத்தான் செய்யும்: கடைசித் தமிழ்வழிப் பள்ளியான உமறுப் புலவர் தமிழ் உயர்நிலைப்பள்ளி 1982-இல் மூடியபோது கல்வியமைச்சர் அவர்தான். ஆனால் தமிழ்வழிப் பள்ளிகளில் சேர்க்கை அதற்குப் பல ஆண்டு முன்பிருந்தே கரைந்துகொண்டிருந்தது. ஆங்கிலம் படித்தால்தான் வேலை என்று பெற்றோர் முடிவு செய்துவிட்டார்கள். ஜூரோங் கேள்வியில் சொன்ன அந்நிய நிறுவனங்களின் வரவுக்கும் அந்த முடிவுக்கும் தொடர்பு இருக்கிறது. அந்த வகையில் நிதியமைச்சர் கோவுக்கு இதில் பங்கு உண்டு என்று சொல்லலாம், கல்வியமைச்சர் கோ பூட்டுப் போட்டார் என்று சொல்வது சரியாகாது. தமிழ் தாய்மொழிப் பாடமாகத் தொடர்ந்தது, இன்றும் தொடர்கிறது.

எதிர்த்தவங்களை உள்ள போட்டுட்டுத்தானே இதெல்லாம் நடந்துச்சு?

அந்தக் கேள்வியை ஒதுக்க முடியாது. 1963 பிப்ரவரியில் நடந்த கைது நடவடிக்கையில் இடதுசாரித் தலைவர்களும் தொழிற்சங்கவாதிகளும் நூற்றுக்கு மேற்பட்டோர் விசாரணையின்றிச் சிறைப்பட்டார்கள். சிலர் பல ஆண்டுகள் உள்ளே இருந்தார்கள். கோ அந்த அரசின் மூத்த அமைச்சர், அந்தப் பொறுப்பு அவருக்கும் உண்டு. 1968-இல் வந்த வேலைச் சட்டங்கள் தொழிற்சங்கங்களின் பேரம் பேசும் பலத்தைச் சுருக்கின. முதலீட்டாளர்கள் வந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

ஆனால் எதிர்ப்பை நசுக்கிய அரசுகள் உலகத்தில் நிறைய உண்டு. அவற்றில் பெரும்பாலானவை கஜானாவையும் சேர்த்தே காலி செய்தன. சிங்கப்பூரில் அது நடக்காததற்கு, நாணயம் பற்றிய பதிலில் சொன்ன பூட்டு போன்ற ஏற்பாடுகள் காரணம். அதை வைத்துச் சிறையில் கழிந்த ஆண்டுகளுக்குச் சமாதானம் சொல்ல முடியாது.

தர்மன் சண்முகரத்னமும் இதே வழியில வந்தவர்தானே?

ஒற்றுமைகள் உண்டு. இலங்கைத் தமிழ் வம்சாவளியினரான அவரும் லண்டன் பொருளியல் பள்ளியில் படித்தவர், நாணய ஆணையத்தில் வேலை பார்த்தவர், கல்வி, நிதி இரண்டுக்கும் அமைச்சராகவும் துணைப் பிரதமராகவும் இருந்தவர். 2023-இல் 70.4 விழுக்காடு வாக்கோடு அதிபரானார். ஆனால் தர்மன் பொறுப்பேற்றது ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்த அமைப்புகளில். கோவின் காலத்தில் அந்த அமைப்புகளையே உருவாக்க வேண்டியிருந்தது. கோவின் தரம் பிரிக்கும் முறையைத் தளர்த்தும் வேலையில், தர்மன் கல்வியமைச்சராக இருந்த ஆண்டுகளுக்கும் பங்கு உண்டு.

ஓய்வுக்குப் பிறகு என்ன ஆனார்? ஏன் இவ்வளவு பேருக்குத் தெரியல?

1985-இல் சீன அரசு, கடலோரச் சிறப்புப் பொருளாதார மண்டலங்களுக்கும் சுற்றுலாவுக்கும் அவரை ஆலோசகராக்கியது. ஜூரோங்கை உருவாக்கியவரிடம் அவர்கள் கேட்டதில் வியப்பில்லை. கம்யூனிஸ்டுகளை எதிர்த்து அரசியல் செய்தவரை அழைத்தார்கள் என்பதுதான் வியப்பு. சிங்கப்பூரில் சீனாவை ஆராயும் ஒரு நிறுவனத்தையும் அவர் வளர்த்தார். இன்று சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் இயங்கும் கிழக்காசிய ஆய்வுக்கழகத்தின் வேர் அங்கேதான்.

புகைப்படத்துக்கும் மேடைக்கும் ஆசைப்படாதவர், கூச்ச சுபாவி, பேச்சில் கறார். லீயைப் போலத் தன் வரலாற்றை விரிவாக எழுதி வைக்கவில்லை. எழுதியதெல்லாம் பொருளாதாரக் கட்டுரைகளும் உரைகளும்தான். வயதான காலத்தில் பக்கவாதம் வந்து பொது வாழ்க்கையிலிருந்து ஒதுங்கிவிட்டார். 2010 மே 23 அன்று அரசு மரியாதையோடு அவரை வழியனுப்பினார்கள்.